கையுறையில் பிறந்த பூதம்

டெலிவிஷனில் திகில் கதை எழுதிய நைஜல் நீல்

ஒரு ஜோடி கையுறை. கொஞ்சம் இலை, தழை. இவற்றைக் கொண்டு இங்கிலாந்து மக்களைக் கதிகலங்க வைத்தார், ஒரு கதாசிரியர்!

அவர் பெயர் நைஜல் நீல். மான் தீவில் வளர்ந்தவர். சிறுகதை எழுதிப் பரிசு பெற்றவர். பிறகு பி.பி.சி. டெலிவிஷனில் வேலைக்குச் சேர்ந்தார்.

1953-ம் ஆண்டு அவருக்கு வயது 31. "6 வாரத்துக்கு ஒரு தொடர்கதை வேண்டும்" என்றார்கள். நீல் எழுதத் தொடங்கினார்.

கதாநாயகன் ஒரு விஞ்ஞானி. அவருக்கு என்ன பெயர் வைப்பது? டெலிபோன் புத்தகத்தைப் புரட்டினார். "குவாட்டர்மாஸ்" என்ற பெயர் கிடைத்தது!

3 பேர் போனார்கள்

கதை இதுதான்:

ராக்கெட்டில் 3 பேர் விண்வெளிக்குப் போகிறார்கள். திரும்பி வந்தபோது உள்ளே ஒருவர்தான் இருக்கிறார்! அவர் உடலில் ஏதோ ஒன்று புகுந்திருக்கிறது. அவர் கொஞ்சம் கொஞ்சமாகச் செடி போன்ற பூதமாக மாறுகிறார்.

மனிதன் உண்மையில் விண்வெளிக்குப் போனது 1961-ல். அதற்கு 8 ஆண்டுகளுக்கு முன்பே எழுதிய கதை இது.

அன்று நாடகத்தை முன்கூட்டியே படம் பிடித்து வைக்கவில்லை. நடிகர்கள் நடிக்க நடிக்க, அப்படியே ஒளிபரப்பானது. தவறு நேர்ந்தால் திருத்த முடியாது. முதல் பாகம் ஒளிபரப்பானபோது, கடைசிப் பாகங்களை நீல் எழுதியே முடிக்கவில்லை!

பூதம் எங்கே?

முடிவில், லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் தேவாலயத்தில் பூதம் தோன்ற வேண்டும். பூதம் செய்யப் பணம் இல்லை.

நீல் தாமே பூதம் ஆனார்! கையுறைகளில் இலை தழைகளை ஒட்டினார். தேவாலயத்தின் போட்டோவைப் பெரிதாக்கி, அதில் ஓட்டை போட்டுக் கைகளை நுழைத்து, நெளித்தார். அவருடைய காதலி ஜூடித் கெர் உதவி செய்தார். அடுத்த ஆண்டு இருவருக்கும் திருமணம் நடந்தது. ஜூடித் பிற்காலத்தில் குழந்தைகளுக்குக் கதை எழுதிப் புகழ் பெற்றார்.

மனிதன் வென்றான்

விஞ்ஞானி, பூதத்தைக் குண்டு வீசிக் கொல்லவில்லை. அதற்குள் கரைந்து போன 3 மனிதர்களிடம் பேசுகிறார். "எதிர்த்து நில்லுங்கள்" என்று கெஞ்சுகிறார். அவர்களுடைய மனித உள்ளம் விழிக்கிறது. பூதம் மடிகிறது!

1955-ல் இது சினிமா ஆனது. அதில் பூதத்தை மின்சாரம் பாய்ச்சிக் கொன்றார்கள். நீலுக்கு அது பிடிக்கவில்லை. ஆனால் கதையின் உரிமை அவரிடம் இல்லை.

அவர் மேலும் பல திகில் நாடகங்கள் எழுதினார். 2006-ல், 84-வது வயதில் காலமானார்.

குவாட்டர்மாஸ் முதல் தொடரில் 2 பாகங்களே இன்று மிஞ்சியுள்ளன. பூதம் வந்த காட்சி பதிவாகவில்லை. நீல் எழுதிய முடிவு மட்டும், அவர் எழுதியபடியே புத்தகத்தில் இருக்கிறது.