இரண்டாவது சாட்சி

கிருஷ்ணகிரியில் ஓர் உறவினர் வீட்டுக் கல்யாணத்தை முடித்துக்கொண்டு ஒசூர் வழியாகப் பெங்களூருக்குத் திரும்பிய ஒரு மே மாதத்துப் பிற்பகலில், வழியெல்லாம் ஒரு குறையுமின்றி ஓடிவந்த என் கார், நகரத்துக்குள் நுழைந்து, ஒவ்வொரு சிக்னலிலும் நின்று நின்று ஊர்ந்து, ரிச்சர்ட்ஸ் டவுனில் இருக்கும் என் வீட்டுக்கு இன்னும் இரண்டு மைல்கூட இல்லை என்னும் இடத்தில் திடீரென்று ஓய்ந்துவிட்டது. சாவியைத் திருகினால் செல்ஃப் நன்றாகவே சுழன்றது. என்ஜின் மட்டும் பிடிக்கவில்லை. நாலு பேர் கைகொடுத்து ஓரமாகத் தள்ளிவிட்ட பிறகு, ஒரு புங்க மரத்து நிழலில் அரை மணி நேரம் காத்திருந்து மறுபடியும் சாவியைத் திருகினேன். ஒன்றுமே நடவாததுபோல அது புறப்பட்டு வீடு வந்து சேர்ந்தது.

அடுத்த பத்து நாட்களுக்குள் இதே சம்பவம் மூன்று முறை நடந்தது. நான் வழக்கமாக வண்டியை விடும் இடத்தில் முதலில் பாட்டரியை மாற்றினார்கள். பிறகு பெட்ரோல் பம்பை மாற்றினார்கள். அவை இரண்டுமே நல்ல நிலையில் இருந்தவை என்பது பின்னால்தான் தெரிந்தது. காரணத்தைத் தேடாமல் உறுப்புகளை ஒவ்வொன்றாக மாற்றிப் பார்க்கும் இந்தப் பழக்கம் எத்தனை குடும்பங்களின் பணத்தை விழுங்குகிறது என்பதை நினைத்தால் வருத்தமாக இருக்கிறது. இந்தக் கட்டுரையை எழுத என்னைத் தூண்டியதும் அந்த வருத்தமே.

1809-இல் ஆங்கிலேயர் இங்கே ராணுவத் தண்டை நிறுவிய காலந்தொட்டுத் தமிழ் நாட்டிலிருந்து வந்து குடியேறிய கைத்தொழிலாளர்களின் பரம்பரை, பெங்களூரின் இந்தக் கிழக்குப் பகுதியில் இன்றும் வற்றாமல் இருக்கிறது. சிவாஜிநகரில் தண்டு மாரியம்மன் என்ற பெயரோடு அம்மன் கோயில் கொண்டிருப்பதே அதற்கு ஒரு ஞாபகச் சின்னம். 1898-ஆம் வருஷத்துப் பிளேக் நோய்க்குப் பிறகு நெரிசலிலிருந்து விலகி அகன்ற தெருக்களும் தோட்டங்களுமாக விரிந்த இந்த வட்டாரத்தில், பெரிய மாளிகைகளுக்குப் பின்னாலுள்ள சந்து ஒவ்வொன்றிலும் யாராவது ஒருவர் ஏதாவது ஒரு யந்திரத்தைப் பிரித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதைக் காணலாம். பாட்டரி டவுன் பக்கத்தில் அப்படி ஒரு சிறு ஷெட் வைத்திருக்கும் பெரியவர் ஒருவரிடம் நண்பர் ஒருவர் என்னை அனுப்பினார். அவர் பானெட்டைக்கூடத் திறக்காமல் முதலில் கேட்ட கேள்வி இதுதான்: “வண்டி ஆறினதுக்கப்புறம் தானா ஸ்டார்ட் ஆகுதா, சார்?”

“ஆமாம்” என்றேன்.

“அப்ப பெட்ரோலை விடுங்க. முதல்ல சென்சாரைப் பார்ப்போம்.”

அந்தக் கேள்வியில் அடங்கியிருந்த ஞானத்தைப் புரிந்துகொள்வதற்கு, என்ஜினுக்குள் நடக்கும் காரியத்தைச் சற்று நிதானமாகத் தெரிந்துகொள்ள வேண்டும். பெட்ரோல் கார்களின் என்ஜினில் பிஸ்டன் ஒன்று கீழே இறங்கும்போது காற்றும் பெட்ரோலும் உள்ளே வருகின்றன. மேலே ஏறும்போது அவை அழுத்தப்படுகின்றன. பொறி பட்டு வெடித்ததும் பிஸ்டன் மறுபடி கீழே தள்ளப்படுகிறது. இன்னொரு முறை மேலே ஏறும்போது புகை வெளியேற்றப்படுகிறது. இந்த நான்கு அசைவுகள் பூர்த்தியாவதற்குள், பிஸ்டன்களோடு பிணைந்த கிராங்க் ஷாஃப்ட் இரண்டு முறை சுற்றிவிடுகிறது. வால்வுகளைத் திறந்து மூடும் புடைப்புகளைக் கொண்ட கேம் ஷாஃப்டோ அதே காலத்தில் ஒரே ஒரு முறைதான் சுற்றுகிறது. நிமிஷத்துக்கு 3000 சுற்று என்ற வேகத்தில் ஓடும் என்ஜினில், கிராங்க் விநாடிக்கு 50 சுற்றும், கேம் 25 சுற்றும் சுற்றுகின்றன என்று கணக்கிட்டால், எவ்வளவு சொற்பமான அவகாசத்துக்குள் எல்லாம் ஒழுங்கு தவறாமல் நடக்க வேண்டும் என்பது விளங்கும்.

இங்கேதான் ஒரு சங்கடம் வருகிறது. கிராங்க் ஷாஃப்டின் பக்கத்தில் இருக்கும் சென்சார், முதலாவது பிஸ்டன் உச்சிக்கு வந்துவிட்டது என்று என்ஜினைக் கட்டுப்படுத்தும் கணினிக்குத் துல்லியமாகச் சொல்லிவிடும். ஆனால் அந்தப் பிஸ்டன் நான்கு அசைவுகளுக்குள் இரண்டு தடவை உச்சிக்கு வருகிறதே, இப்போது வந்திருப்பது வெடிப்புக்காகவா, புகையை வெளியேற்றுவதற்காகவா என்பதை அதனால் சொல்ல இயலாது. நாலு சிலிண்டர் என்ஜினில் முதலாவது பிஸ்டனும் நாலாவது பிஸ்டனும் ஜோடியாகவே ஏறி இறங்குபவையாதலால் சந்தேகம் இன்னும் வலுக்கிறது. இரண்டு சுற்றுக்கு ஒரு முறை சுற்றும் கேம் ஷாஃப்டின் பக்கத்திலிருந்து இன்னொரு சாட்சி வந்து வாக்குமூலம் கொடுத்தால்தான் வழக்கு தீரும். அந்த இரண்டாவது சாட்சிதான் கேம் சென்சார்.

அம்பாசடரும் பத்மினியும் ஓடிய காலத்தில் இந்தச் சாட்சி தேவைப்படவில்லை என்று நினைக்க வேண்டாம். அன்று அது வேறு ரூபத்தில் இருந்தது. டிஸ்ட்ரிபியூட்டர் என்ற கறுப்பு மூடிபோட்ட கருவி கேம் ஷாஃப்டிலிருந்தே சுழற்சியை வாங்கிக்கொண்டு, கிராங்கின் பாதி வேகத்தில் சுழன்று, ஒன்று, மூன்று, நான்கு, இரண்டு என்ற கிரமத்தில் ஒவ்வொரு பிளக்குக்கும் பொறியைப் பங்கிட்டுக் கொடுத்தது. முறை தெரிந்தவர் மூடியைக் கழற்றி, உள்ளே இருக்கும் முள்ளின் திசையைப் பார்த்தே எந்தச் சிலிண்டரின் முறை என்று சொல்லிவிடுவார். இந்தியாவில் 2000-ஆம் ஆண்டு தொடங்கிப் புகைக் கட்டுப்பாட்டு விதிகள் படிப்படியாகக் கடுமையாகி, 2010-இல் பெங்களூர் உள்ளிட்ட பதின்மூன்று நகரங்களுக்குப் பாரத் ஸ்டேஜ் நான்கும், 2020 ஏப்ரலில் நாடு முழுவதற்கும் ஸ்டேஜ் ஆறும் வந்து சேர்ந்த காலத்தில், கார்புரேட்டரும் டிஸ்ட்ரிபியூட்டரும் மறைந்து, அவற்றின் அறிவு முழுவதும் கணினிக்கும் விரல் நீளமுள்ள சில சென்சார்களுக்கும் கைமாறிவிட்டது.

அந்த விரல் நீளப் பிளாஸ்டிக் உறுப்புக்குள் இருக்கும் தத்துவம் மிகவும் அழகானது. 1879-இல் அமெரிக்காவின் பால்டிமோர் நகரத்து ஜான்ஸ் ஹாப்கின்ஸ் பல்கலைக்கழகத்தில் எட்வின் ஹால் என்ற இளம் ஆராய்ச்சியாளர், மெல்லிய தங்கத் தகட்டில் மின்சாரத்தை ஓடவிட்டு அதன்மேல் காந்தத்தின் சக்தி படும்படி செய்தபோது, தகட்டின் பக்கவாட்டில் மிகச் சிறிய மின் அழுத்தம் ஒன்று தோன்றுவதைக் கண்டார். எலெக்ட்ரான் என்ற பொருளை ஜே. ஜே. தாம்சன் நிரூபித்துக் காட்டியதே அதற்குப் பதினெட்டு ஆண்டுகள் கழித்துத்தான்! இன்று தங்கத் தகட்டின் இடத்தில் குறைகடத்திச் சில்லு ஒன்று இருக்கிறது. கேம் ஷாஃப்டின் முனையிலுள்ள இரும்புப் பற்கள் அதன் முன்னால் கடந்து போகும்போதெல்லாம் காந்தப்புலம் மாறுகிறது. சில்லு அந்த மாறுதலை மின்சாரத்தின் ஏற்றத் தாழ்வாக்கிக் கணினிக்கு அனுப்புகிறது. சில கார்களில் சில்லு இல்லாமல் காந்தமும் கம்பிச்சுருளும் மட்டும் கொண்ட இரண்டு கம்பிச் சென்சாரும் உண்டு.

சூடான எண்ணெய்க்கும் ஓயாத அதிர்வுக்கும் நடுவே ஆண்டுக்கணக்கில் உழைக்கும் இந்தச் சில்லில், உள்ளே ஒரு பற்றவைப்பில் மயிரிழை அளவு விரிசல் விழுந்தாலும் போதும். குளிர்ந்திருக்கும்போது ஒட்டிக்கொண்டிருக்கும், சூடேறி விரிந்ததும் விட்டுப்போகும், ஆறினால் மறுபடி கூடிக்கொள்ளும். நெடுஞ்சாலையில் காற்றோட்டத்தில் நன்றாக ஓடிய என் கார், நகரத்து நெரிசலில் வெப்பம் தேங்கியதும் நின்றதன் ரகசியம் இதுவே. எல்லாக் கார்களும் இப்படியே நின்றுவிடும் என்பதில்லை. பல கார்கள் இரண்டாவது சாட்சி மௌனமானாலும் கிராங்க் சென்சாரின் சொல்லை வைத்துக்கொண்டு ஒருவாறு ஓடும். ஆனால் காலையில் வெகு நேரம் செல்ஃப் அடிக்க வேண்டியிருக்கும், பிக்கப் குறையும், மைலேஜ் இறங்கும், டாஷ்போர்டில் மஞ்சள் நிற என்ஜின் விளக்கு அணையாமல் எரியும்.

ஸ்டியரிங்குக்குக் கீழேயுள்ள பதினாறு துளைக் கப்ளரில் பெரியவர் ஸ்கேனரைச் செருகியதும், பி 0340 என்ற எண் திரையில் வந்தது. கேம் சென்சார் சர்க்கியூட்டில் கோளாறு என்பது அதன் பொருள். உடனே சென்சாரை வாங்கிவரச் சொல்லப்போகிறார் என்று நான் எண்ணினேன். அவரோ தலையை அசைத்தார்.

“இது தெரு பேரைத்தான் சொல்லுது, சார். வீடு எதுன்னு நாமதான் தேடணும்.”

இதைவிடத் தெளிவாக அந்த எண்ணுக்கு வியாக்கியானம் செய்தவரை நான் கண்டதில்லை. அந்தத் தெருவில் சென்சாரும் இருக்கிறது, கப்ளரும் இருக்கிறது, கணினி வரையில் ஓடும் கம்பிகளும் இருக்கின்றன. சில சமயம் குற்றம் கணினியிலேயே இருக்கும். எங்கே அறுந்திருந்தாலும் வரும் எண் ஒன்றுதான்.

அவர் தேடிய முறையை, பார்த்தபடியே சொல்கிறேன். முதலில் கண்ணும் கையும்: கப்ளரைக் கழற்றி, உள்ளே எண்ணெய் கசிந்திருக்கிறதா, பின்கள் பச்சை பூத்திருக்கின்றனவா, கம்பிகள் எங்கேயாவது இரும்பில் உரசித் தோலுரிந்திருக்கின்றனவா என்று பார்த்தார். பிறகு சாவியை ஆனில் வைத்து, மல்டிமீட்டரால் கப்ளரின் மூன்று கம்பிகளையும் சோதித்தார். ஒன்றில் சென்சாருக்கு வர வேண்டிய மின்சாரம் வந்தது. சில கார்களில் அது 5 வோல்ட், சிலவற்றில் 12. இன்னொன்று சரியான எர்த். மூன்றாவது, செய்தியைக் கணினிக்குக் கொண்டுபோகும் கம்பி. அதிலும் கணினியிலிருந்து வரும் 5 வோல்ட் இருந்தது. ஆக, தெருவில் வழி திறந்திருக்கிறது. கப்ளரை மாட்டி, கம்பியின் தோலைக் குத்தாமல் பின்புறமாகவே மெல்லிய ஊசியை நுழைத்து மீட்டரை இணைத்துவிட்டு, கிராங்க் புல்லியை ஸ்பேனரால் கையாலேயே மெல்லத் திருப்பினார். ஒவ்வொரு பல்லும் கடக்கும்போது மீட்டர் பூஜ்யத்துக்கும் ஐந்துக்கும் மாறி மாறித் தாவியது. சென்சார் நலமாக இருக்கிறதென்று எவரும் சொல்லியிருப்பார்கள்.

ஆனால் குற்றம் சூட்டில் நிகழ்வதாயிற்றே! அவர் ஒரு ஹேர் டிரையரைக் கொண்டுவந்து சென்சாரின் தலைமேல் சில நிமிஷங்கள் வெப்பக் காற்றைச் செலுத்திவிட்டு மறுபடி புல்லியைத் திருப்பினார். மீட்டர் ஐந்திலேயே நின்றது. எவ்வளவு திருப்பியும் அசையவில்லை. ஆறவிட்டுத் திருப்பியதும் மீண்டும் தாவத் தொடங்கியது. அனுமானம் பிரத்தியட்சமான அந்தக் கணத்தில் எனக்கு உண்டான மனநிறைவு, பாட்டரிக்கும் பம்புக்கும் கொடுத்த பணத்தின் நோவை ஓரளவு ஆற்றியது. மூன்று கம்பிச் சென்சாரை ஓம்ஸ் கணக்கில் அளந்து தீர்ப்புச் சொல்லக் கூடாது என்பதையும் அவர் எச்சரித்தார். அந்தச் சோதனை இரண்டு கம்பிச் சுருளுக்கு மட்டுமே உரியது.

மாற்றும் வேலை, கண்டுபிடிக்கும் வேலையோடு ஒப்பிட்டால் அற்பமானது. என்ஜின் ஆறியபின் பாட்டரியின் நெகட்டிவ் கம்பியைக் கழற்றி, கப்ளரின் பூட்டை அழுத்தி விடுவித்து, பத்தாம் நம்பர் போல்ட் ஒன்றைத் திருகி எடுத்து, சென்சாரை இடமும் வலமுமாக மெல்ல அசைத்து உருவினார். பல நாள் சூட்டில் ஓ-ரிங் ஒட்டிக்கொண்டிருக்கும்போது ஸ்க்ரூ டிரைவரால் நெம்பினால், பிளாஸ்டிக் முறிந்து பாதி உள்ளேயே தங்கிவிடும் அபாயம் உண்டு. துளையின் வாயைத் துடைத்து, புது ஓ-ரிங்கில் ஒரு சொட்டு என்ஜின் ஆயிலைத் தடவி, கையழுத்தத்திலேயே உட்கார வைத்து, போல்டை அளவோடு முறுக்கினார். பெரும்பாலான கார்களுக்கு 8 முதல் 10 நியூட்டன்-மீட்டர் போதும். ஸ்கேனரில் பழைய எண்ணை அழித்துவிட்டு, என்ஜின் நன்றாகச் சூடேறும் வரையில் ஓட்டிப் பார்த்தபின்தான் என்னிடம் சாவியைத் தந்தார்.

புதுச் சென்சார் ஜே.சி. ரோடிலிருந்து வந்தது. உதிரி உறுப்புகளுக்கென்றே பேர்போன அந்த வீதியில் ஒரே மாதிரியான அட்டைப் பெட்டிக்குள் ஒரிஜினலும் டூப்ளிகேட்டும் கிடைக்கும். விலை சில நூறு ரூபாயிலிருந்து சில ஆயிரம் வரையில் போகும். பழைய சென்சாரின் தலையில் பொறித்திருக்கும் எண்ணை எழுதிக்கொண்டுபோய் அதே எண்ணைக் கேட்டு, ரசீதோடு வாங்குவதே உத்தமம். இரண்டு கேம் ஷாஃப்டுகள் உள்ள புதுக் கார்களில் சென்சாரும் இரண்டு இருக்கலாம். உருவத்தில் ஒன்றாயிருந்தால் அவற்றை இடம் மாற்றிப் போட்டு, பி 0340 என்பது பி 0365 ஆக மாறுகிறதா என்று பார்க்கலாம். எண்ணும் கூடவே இடம் மாறினால் குற்றவாளி சென்சார்தான். பி 0016 என்ற எண் வந்தாலோ, காலையில் கிளப்பும்போது முன்பக்கத்தில் சங்கிலி கலகலத்தாலோ, டைமிங் செயின் தளர்ந்து இரண்டு சாட்சிகளின் கணக்கும் முரண்படுகிறது என்று ஐயப்பட வேண்டும். அப்போது சென்சாரை மாற்றுவது, உண்மை சொன்ன சாட்சியைத் தண்டிப்பதாகும்.

அதே ஆண்டு மழைக்காலத்தில், எங்கள் பகுதிப் பூங்காவுக்கு எதிர்த் தெருவில் இருக்கும் ஒரு நண்பரின் காரிலும் என்ஜின் விளக்கு எரிந்து, அதே பி 0340 வந்தது. என் கதையைக் கேட்டிருந்த அவர், நேரே ஜே.சி. ரோடுக்குப் போய்ச் சென்சாரை வாங்கிக்கொண்டு பெரியவரிடம் வந்தார். பெரியவர் பெட்டியை வாங்கி ஒரு பக்கம் வைத்துவிட்டு, மீட்டரை எடுத்தார். கப்ளருக்கு வர வேண்டிய மின்சாரம் வரவில்லை. கம்பியின் வழியே விரலை நகர்த்திக்கொண்டே போனவர், பாட்டரித் தட்டுக்குப் பின்னால் நின்றார். மரத்தடியில் நிறுத்திய வண்டிக்குள் மழைக்கு ஒதுங்கிய எலி, இரண்டு கம்பிகளைக் கடித்துத் துண்டித்திருந்தது. கெட்ட பாகத்தை வெட்டியெடுத்து, புதுக் கம்பி சேர்த்து ஈயம் வைத்துப் பற்றவைத்து, மேலே உறை போட்டுச் சூடாக்கிச் சுருக்கி, இரும்பில் படாமல் கட்டிவிட்டார். ஒரு மணி நேரத்து வேலை. விளக்கு அணைந்துவிட்டது.

மின்சாரச் சாமான்களைக் கடைக்காரர்கள் திரும்ப எடுத்துக்கொள்வதில்லை. பிரிக்காத அந்தப் பெட்டி இன்னும் நண்பரின் காரில் டாஷ்போர்டுக்குள்ளேயே இருக்கிறது.