கருவறைப் படங்களும் முதல் நான்கு வாரமும்

கருவில் குழந்தை வளர்வதைக் காட்டும் ஆவணப்படங்களை நம் வீடுகளில் எப்போது பார்க்கிறோம்? பெரும்பாலும் ஐந்தாம் மாதம் ஸ்கேன் எடுத்து வந்த பிறகு, குழந்தை எப்படி இருக்கும் என்ற ஆவலில். அது நல்லதுதான். ஆனாலும் நிக்காஹ் முடிந்த புதிதிலேயே கணவனும் மனைவியும் சேர்ந்து பார்த்துவிட வேண்டும் என்பதே எங்கள் கருத்து.

இத்தகைய படங்களில் பெயர் பெற்றது 'தி மிரக்கிள் ஆஃப் லைஃப்'. சுவீடன் நாட்டுப் புகைப்படக் கலைஞர் லெனார்ட் நில்சன் படமாக்கிய காட்சிகளைக் கொண்ட இது, 1983இல் அமெரிக்கத் தொலைக்காட்சியில் ஒளிபரப்பானது. விந்தணு முட்டையைச் சேர்வது முதல் பிரசவம் வரை இதில் காணலாம்.

எந்தப் படமானாலும் முதல் நான்கு வாரக் காட்சிகளைக் கவனித்துப் பாருங்கள். கரு உருவாகி ஏறக்குறைய ஆறாம் நாள் கருப்பையில் ஒட்டத் தொடங்குகிறது. 22ஆம் நாள் வாக்கில் இதயம் துடிக்கிறது. மூளையும் தண்டுவடமும் உருவாகும் நரம்புக் குழாய் 28 நாட்களுக்குள் மூடிவிடுகிறது. அது சரியாக மூடாவிட்டால் முதுகுத் தண்டிலோ மூளையிலோ பிறவிக் குறை ஏற்படும்.

இப்போது வீட்டுக் கணக்கைப் பாருங்கள். கரு உருவாகி இரண்டு வாரம் கழித்துத்தான் மாதவிலக்கு தள்ளிப்போகிறது. இன்னும் சில நாள் பார்ப்போம் என்று காத்திருந்து, மாமியாரிடம் சொல்லி, டாக்டரிடம் போவதற்குள் அந்த 28 நாட்கள் முடிந்துவிடுகின்றன. டாக்டர் அன்று எழுதித் தரும் ஃபோலிக் ஆசிட் மாத்திரை இந்த ஒரு வேலைக்குத் தாமதமாகவே வந்து சேர்கிறது.

இதனால்தான் குழந்தைக்கு முயலும்போதே தொடங்கி, கர்ப்பத்தின் 12 வாரம் வரை தினமும் 400 மைக்ரோகிராம் ஃபோலிக் ஆசிட் எடுக்கும்படி உலக சுகாதார நிறுவனம் சொல்கிறது. கீரையும் பருப்பும் அவசியம் சாப்பிட வேண்டும். ஆனால் அவை மட்டும் போதாது. கடைகளில் 5 மில்லிகிராம் மாத்திரையும் விற்கிறார்கள், அது பன்னிரண்டு மடங்குக்கும் மேல். எனவே அளவை டாக்டரிடம் கேட்டே வாங்குங்கள். வலிப்பு நோய்க்கு மருந்து சாப்பிடும் பெண்களும், முன்பு இத்தகைய குறையுள்ள குழந்தை பெற்றவர்களும் கருத்தரிக்கும் முன்பே ஆலோசனை பெறுவது கட்டாயம்.

விந்தணு முட்டையைச் சேரும் காட்சி வரும்போது வீட்டுப் பெரியவர்களும் உடன் இருந்தால் நல்லது. தாயின் முட்டையில் இருப்பது எக்ஸ் குரோமோசோம் மட்டுமே. தந்தையின் விந்தணு எக்ஸைக் கொண்டுவந்தால் பெண், ஒய்யைக் கொண்டுவந்தால் ஆண். பெண் பிள்ளை பிறந்ததற்கு மருமகளைக் குறை சொல்லும் வழக்கம் இன்னும் சில வீடுகளில் இருப்பதால் இதையும் சொல்ல வேண்டியிருக்கிறது.

இந்தப் படத்தின் இறுதியில் பிரசவக் காட்சி மறைவின்றி வருகிறது. பிள்ளைகளுக்குக் காட்ட நினைக்கும் பெற்றோர், முதலில் தாங்கள் ஒருமுறை பார்த்துவிட்டு எதுவரை காட்டலாம் என்று முடிவு செய்துகொள்ளுங்கள்.