பிறந்த மண்ணும் தந்தையின் பத்திரமும்
இலங்கைப் பிரஜாவுரிமைச் சட்டங்களில் குடிபெயர்ந்தோர் பிள்ளைகளின் நிலை பற்றிய ஒரு நோக்கு

ஒரு நாட்டில் பிறக்கும் குழந்தை அந்நாட்டுக்கு உரியதாகுமா என்னும் வினாவுக்கு உலகச் சட்டங்கள் இருவகையாக விடை கூறி வந்துள்ளன. ஒன்று, ஆட்சி நிலத்திற் பிறந்தமையே உரிமைக்குப் போதுமானது எனக் கொள்ளும் பிறப்பிடக் கோட்பாடு. மற்றையது, பெற்றோர் எந்நாட்டுக் குடிகளோ அந்நாட்டுக்கே பிள்ளையும் உரியது எனக் கொள்ளும் வழிமரபுக் கோட்பாடு. ஐக்கிய அமெரிக்கா 1868ஆம் ஆண்டில் தனது அரசியலமைப்பின் 14ஆவது திருத்தத்தின் மூலம் முதலாவதனை ஏற்றது. குடியுரிமை பெறும் தகுதியே மறுக்கப்பட்டிருந்த சீனப் பெற்றோருக்கு அந்நாட்டிற் பிறந்த பிள்ளை அந்நாட்டுக் குடியே என அதன் உச்ச நீதிமன்றம் 1898இல் தீர்த்தது. பெரும்பாலான நாடுகள் இவ்விரு கோட்பாடுகளையும் ஏதோவோர் அளவிற் கலந்தே கையாள்கின்றன.

குடிபெயர்ந்து வந்தவருக்கும் அவருடைய பிள்ளைக்கும் இடையே ஓர் அடிப்படை வேறுபாடு உண்டு. வந்தவர் எல்லையைக் கடந்தவர்; அவரது பிள்ளை எந்த எல்லையையும் கடக்கவில்லை. எனவே, குடிவரவைக் கட்டுப்படுத்தும் பொருட்டு இயற்றப்படும் ஒரு சட்டம் இங்கு பிறந்த பிள்ளையை எவ்வாறு கருதுகின்றது என்பது தனியே ஆராயப்பட வேண்டியதாகும். இலங்கையில் 1948 முதல் இயற்றப்பட்ட பிரஜாவுரிமைச் சட்டங்களை இக்கண்கொண்டு நோக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

வரலாற்றுப் பின்னணி

பத்தொன்பதாம் நூற்றாண்டின் முற்பகுதியிற் கண்டிச் சீமையில் கோப்பித் தோட்டங்கள் தோன்றியபோது, சென்னை மாகாணத்தின் வறண்ட மாவட்டங்களிலிருந்து கங்காணிமார் மூலம் தொழிலாளர் கொண்டுவரப்பட்டனர். கோப்பிக்கு வேண்டியது பருவகால உழைப்பு. பழம் பறித்து முடிந்ததும் பலர் ஊர் திரும்பினர். 1869இல் கண்டறியப்பட்ட இலைநோயினாற் கோப்பி அழிந்து, அதன் இடத்தைத் தேயிலை பிடித்தபோது இந்நிலை மாறியது. தேயிலைக் கொழுந்து ஆண்டு முழுவதும் கொய்யப்பட வேண்டியது. அவ்வேலைக்குப் பெண்களே பெரிதும் வேண்டப்பட்டனர். ஆகவே தனி ஆடவரின் பருவகால வருகை குடும்பங்களின் நிலையான குடியேற்றமாயிற்று. லயன் அறைகளிற் பிள்ளைகள் பிறந்தனர். அப்பிள்ளைகளும் வளர்ந்து அதே மலைகளிற் கூடை சுமந்தனர்.

1939இல் இந்திய அரசு இலங்கைக்குத் தொழிலாளர் புதிதாகச் செல்வதைத் தடை செய்தது. அதன் பின்னர் இச்சமூகத்தின் பெருக்கம் பெரும்பாலும் இம்மண்ணில் நிகழ்ந்த பிறப்புகளினாலேயே ஏற்பட்டது. 1946ஆம் ஆண்டுக் குடிசன மதிப்பீட்டின்படி இந்தியத் தமிழர் தொகை ஏறத்தாழ 7 இலட்சத்து 80 ஆயிரம். அது நாட்டு மக்களில் நூற்றுக்குப் பன்னிருவர் எனுமளவாகும்.

சுதந்திரத்துக்கு முன்னர் இவர்கள் அனைவரும் பிரித்தானிய முடியின் குடிகளே. அம்முடியின் ஆள்புலத்திற் பிறந்த எவரும் அதன் குடி என்பது அக்காலச் சட்டம். அற்றனில் ஒரு லயன் அறையிற் பிறந்த பிள்ளைக்கும் கண்டியில் ஒரு வளவிற் பிறந்த பிள்ளைக்கும் அச்சட்டத்தின்முன் வேறுபாடு இருக்கவில்லை.

1947ஆம் ஆண்டுப் பொதுத் தேர்தலில் இலங்கை இந்தியன் காங்கிரஸ் ஏழு தொகுதிகளில் வெற்றியீட்டியது. வேறு சில தொகுதிகளிலே தோட்டத் தொழிலாளரின் வாக்கு இடதுசாரி வேட்பாளருக்குத் துணைநின்றது. கண்டிச் சிங்களக் கிராமத்தவரிடையே நீண்டகால மனக்குறையொன்றும் இருந்தது. 1840ஆம் ஆண்டின் முடிக்குரிய காணிச் சட்டம் முதலியவற்றால் தம்மைச் சூழ்ந்த நிலங்கள் தோட்டங்களாகிவிட, தமது தொகுதிகளில் தமது குரலும் அமிழ்ந்துவிடுமோ என அவர்கள் அஞ்சினர். இவ்வச்சத்தைப் பொருட்படுத்தாது 1948ஆம் ஆண்டுச் சட்டத்தை விளங்கிக்கொள்ள இயலாது. ஆயினும் நிலத்தைப் பறித்தது குடியேற்ற அரசு. அதன் விலையைச் செலுத்தும்படி கேட்கப்பட்டோர் அந்நிலத்திற் கூலிக்கு உழைத்தோரும் அவர்தம் பிள்ளைகளும் ஆவர்.

1948ஆம் ஆண்டுச் சட்டமும் இரு சகோதரரும்

1948ஆம் ஆண்டின் 18ஆம் இலக்க இலங்கைப் பிரஜாவுரிமைச் சட்டம் அவ்வாண்டு நவம்பர் 15ஆம் திகதி நடைமுறைக்கு வந்தது. அது வம்சாவளிப் பிரஜை, பதிவுப் பிரஜை என இருவகையினரை ஏற்படுத்தியது. இம்மண்ணிற் பிறந்தமை மட்டும் உரிமை தராது என்பதே அதன் அடிப்படை.

அத்திகதிக்கு முன்னர் இலங்கையிற் பிறந்தவர் வம்சாவளிப் பிரஜையாவதற்கு அவருடைய தந்தை இலங்கையிற் பிறந்திருத்தல் வேண்டும். அன்றேல் தந்தைவழிப் பாட்டனும் பூட்டனும் இலங்கையிற் பிறந்திருத்தல் வேண்டும். அத்திகதியிலோ அதன் பின்னரோ பிறந்தவருக்கு விதி வேறு. பிறக்கும்போது தந்தை இலங்கைப் பிரஜையாக இருத்தல் வேண்டும். தந்தை இங்கு பிறந்தவர் என்பது மட்டும் போதாது.

இவ்விரு விதிகளும் சேர்ந்து விளைத்ததை ஓர் எடுத்துக்காட்டால் விளக்கலாம். திருச்சிராப்பள்ளியிலே பிறந்த ஒருவர் இளைஞராக மலைநாட்டுக்கு வந்தார் எனக் கொள்வோம். அவருடைய மகன் 1920இல் தோட்டத்திலே பிறந்தான். அம்மகனுக்கு இரு பிள்ளைகள். மூத்தவன் 1947இலும் இளையவன் 1950இலும் அதே லயனிற் பிறந்தனர். மூத்தவனுடைய தந்தை இலங்கையிற் பிறந்தவராகையால், மூத்தவன் வம்சாவளிப் பிரஜை. தந்தையோ, தம் தந்தை இந்தியாவிற் பிறந்தவராகையால், பிரஜையல்லர். தந்தை பிரஜையல்லாமையால் இளையவனும் பிரஜையல்லன். ஒரே தாய் வயிற்றில், ஒரே கூரையின்கீழ்ப் பிறந்த இருவருள் ஒருவன் நாட்டுக்குரியவன், மற்றவன் நாடற்றவன்.

மூத்தவனின் உரிமையும் ஏட்டளவானதே. அதனை நிலைநாட்டத் தந்தையின் பிறப்பு அத்தாட்சிப் பத்திரம் தேவை. எழுத்தறிவற்ற தொழிலாளரின் பிறப்புகள் ஒழுங்காகப் பதியப்படாமலோ, பெயர் திரிந்து பதியப்பட்டோ இருந்தன. தந்தையின் பெயர் ஓரிடத்தில் ஒருவாறும் வேறிடத்தில் வேறொருவாறும் எழுதப்பட்டிருப்பின் அத்தொடர்பு அறுந்துவிடும். பாட்டன், பூட்டன் பிறப்புக்குச் சான்று தேடுவது நாட்டின் எச்சமூகத்தவருக்கும் அரிதே. எனினும் ஏனையோரிடம் அச்சான்று கேட்கப்படவில்லை, தோட்டத்தவரிடம் கேட்கப்பட்டது.

இச்சட்டத்தின் மற்றொரு பிரிவு ஈண்டு குறிப்பிடத்தக்கது. பெற்றோர் யாரெனத் தெரியாது கைவிடப்பட்ட நிலையிற் கண்டெடுக்கப்படும் சிசு, மாறாக நிறுவப்படும் வரை, வம்சாவளிப் பிரஜையாகவே கருதப்படும். இஃது இரக்கமுள்ள ஏற்பாடே. ஆயின் பெற்றோர் இன்னாரெனத் தெரியாத குழந்தைக்கு நாடு உண்டு. பெற்றோரைத் தெரிந்தமையால் மற்றொரு குழந்தைக்கு நாடு இல்லை என்னும் முரண்பாடு இதனால் வெளிப்படுகின்றது.

விண்ணப்பமும் வழக்கும்

1949ஆம் ஆண்டின் 3ஆம் இலக்க இந்திய பாகிஸ்தானிய வதிவாளர் பிரஜாவுரிமைச் சட்டம் பதிவு மூலம் உரிமை பெற வழிவகுத்தது. 1946ஆம் ஆண்டு சனவரி முதலாம் திகதிக்கு முன்னர் மணமானோர் ஏழாண்டும் மணமாகாதோர் பத்தாண்டும் இடைவிடாது வதிந்திருத்தல் வேண்டும். இரண்டாண்டுக்குள், அதாவது 1951 ஓகஸ்ட் 5ஆம் திகதிக்குள், விண்ணப்பித்தல் வேண்டும். மனைவியும் பராயமடையாப் பிள்ளைகளும் இடைவிடாது இந்நாட்டில் வதிந்தமையும் நிறுவப்படல் வேண்டும். ஒரு தாய் பிரசவத்துக்கோ பிணிக்கோ தன் ஊர் சென்று நெடுநாள் தங்கியிருப்பின், அது முழுக் குடும்பத்தின் விண்ணப்பத்துக்கும் தடையாகக்கூடியதாயிற்று. சுமார் 2 இலட்சத்து 37 ஆயிரம் விண்ணப்பங்கள் 8 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் சார்பிற் செய்யப்பட்டன. ஏற்கப்பட்டோர் ஏறத்தாழ 1 இலட்சத்து 34 ஆயிரம் பேரே.

அதே 1949இல் தேர்தற் சட்டமும் திருத்தப்பட்டு, பிரஜையல்லாதோர் தேருநர் இடாப்பிலிருந்து நீக்கப்பட்டனர். இதனை எதிர்த்து நிகழ்ந்த வழக்கு 1951இல் உயர் நீதிமன்றத்திலும் 1953இற் பிரித்தானியக் கோமறைக் கழகத்திலும் தோல்வியுற்றது. ஒரு சமூகத்தைப் பாதிக்கும் தனிச்சட்டம் இயற்றலாகாதென அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு கூறினும், பிரஜைகள் யாவரென வரையறுப்பது இறைமையுள்ள நாட்டின் உரிமை. சட்டத்தின் சொற்கள் எச்சமூகத்தையும் சுட்டவில்லை என்பன தீர்ப்பின் சாரம். 1952ஆம் ஆண்டுத் தேர்தலில் மலையகத்திலிருந்து இச்சமூகத்தவர் ஒருவரேனும் தெரிவாகவில்லை. 1977இல் நுவரெலியா மஸ்கெலியாத் தொகுதியிலிருந்து சௌமியமூர்த்தி தொண்டமான் தெரிவாகும் வரை இந்நிலை நீடித்தது.

‘இயற்கைப் பெருக்கம்’

இலங்கை இவர்களை இந்தியர் என்றது. இந்திய அரசோ, தனது அரசியலமைப்பின் 8ஆம் உறுப்புரையின்படி தூதரகத்தில் விண்ணப்பித்துப் பதிந்தோரே இந்தியக் குடிகள் என்றது. இரண்டுக்கும் இடைப்பட்டோரே நாடற்றோர் ஆயினர்.

1964 ஒக்டோபர் 30ஆம் திகதி கைச்சாத்தான சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 9 இலட்சத்து 75 ஆயிரம் பேரைக் கணக்கிட்டு, 5 இலட்சத்து 25 ஆயிரம் பேரை இந்தியாவும் 3 இலட்சம் பேரை இலங்கையும் ஏற்பதென வகுத்தது. எஞ்சிய 1 இலட்சத்து 50 ஆயிரம் பேர் 1974ஆம் ஆண்டு உடன்பாட்டினாற் சரிபாதியாகப் பங்கிடப்பட்டனர். எவரைக் குறித்துப் பேசப்பட்டதோ அவருடைய விருப்பம் கேட்கப்படவில்லை. ஒப்பந்தத்தின் பின் பிறக்கும் பிள்ளைகள் ‘இயற்கைப் பெருக்கம்’ என்னும் சொல்லால் அவரவர் பெற்றோரின் பங்குடன் சேர்க்கப்பட்டனர். தானியக் குவியலைப் பங்கிடுவோர் பின்னர் விளைவதையும் சேர்த்துப் பேசுவது போன்றது இது.

இந்தியா சென்ற குடும்பங்களின் பிள்ளைகள், தாம் ஒருபோதும் கண்டிராத நிலத்துக்குத் ‘தாயகம் திரும்பியோர்’ எனப்பட்டனர். நீலகிரி முதலிய இடங்களிற் குடியேறியபோது அங்கு அவர்களுக்குக் கிடைத்த பெயர் ‘சிலோன்காரர்’ என்பதாகும். இந்தியக் கடவுச்சீட்டுப் பெற்றும் புறப்படாதிருந்தோர், 1984இல் தலைமன்னார்–இராமேஸ்வரம் கப்பற் சேவை நின்றபோது இங்கேயே தங்கினர். அவர்தம் பிள்ளைகள் காணாத நாடொன்றின் குடிகளாகவும் பிறந்த நாட்டில் அந்நியராகவும் வளர்ந்தனர். அரசாங்க உத்தியோகம், காணிப் பங்கீடு, வாக்குரிமை ஆகியன பிரஜாவுரிமையைச் சார்ந்தனவாகையால், தந்தையின் குறைபாடு பிள்ளையின் தொழிலையும் இல்லத்தையும் தொடர்ந்து பற்றியது.

தீர்வும் அதன் தாமதமும்

1986, 1988ஆம் ஆண்டுச் சட்டங்கள் நாடற்றோரிற் பெருந்தொகையினருக்கு உரிமை வழங்கின. எஞ்சியோரின் சிக்கலை 2003ஆம் ஆண்டின் 35ஆம் இலக்கச் சட்டம் தீர்த்தது. 1964 ஒக்டோபர் 30ஆம் திகதி முதல் இலங்கையில் நிரந்தரமாக வதியும் இந்திய வம்சாவளியினரும் இங்கு வதியும் அவர்தம் வழித்தோன்றல்களும் பிரஜைகள் என அச்சட்டம் கூறிற்று. இந்தியக் கடவுச்சீட்டு வைத்திருந்தோர் சமாதான நீதவான் முன்னிலையில் பிரகடனஞ் செய்து உரிமை பெறலாயினர். அதே ஆண்டின் 16ஆம் இலக்கத் திருத்தச் சட்டம், பிறப்பின்போது தந்தை பிரஜையாக இருத்தல் வேண்டும் என்பதை மாற்றி, பெற்றோருள் ஒருவர் பிரஜையாக இருப்பின் போதும் என்றது. ஐம்பத்தைந்து ஆண்டுகளின் பின்னரே தாயின் உரிமையும் பிள்ளைக்கு உரிமையாயிற்று.

சிக்கல் முற்றாக நீங்கிற்று எனக் கூறுவதற்கில்லை. 1983இன் பின் தமிழகம் சென்ற அகதிகளிடையே மலையகத்தவரும் உளர். அகதிகளாகச் சென்றோருக்கென 2009இல் இலங்கைச் சட்டம் திருத்தப்பட்டது. இந்தியச் சட்டமோ பிறப்பிடக் கோட்பாட்டைப் படிப்படியாகக் கைவிட்டது. 1987 யூலை முதலாம் திகதிக்கு முன் அங்கு பிறந்தவர் பிறப்பாற் குடியாவர். அதன்பின் பிறந்தவருக்குப் பெற்றோருள் ஒருவர் இந்தியராதல் வேண்டும். 2004 டிசம்பர் 3ஆம் திகதி முதல் மற்றவர் சட்டவிரோதக் குடிபெயர்ந்தோராகாதிருத்தலும் வேண்டும். 1987க்கு முன் அகதிகள் முகாமிற் பிறந்த ஒருவருக்குக் கடவுச்சீட்டு வழங்குமாறு சென்னை உயர் நீதிமன்றம் 2022இற் பணித்தது. அவருக்குப் பின் பிறந்தோருக்கு அவ்வழி இல்லை. 1948 நவம்பர் 15ஆம் திகதி ஒரு குடும்பத்தை இரண்டாகப் பிரித்ததுபோலவே, பாக்குநீரிணையின் அக்கரையில் 1987 யூலை முதலாம் திகதி பிரிக்கின்றது.

முடிவுரை

இதுவரை கூறியவற்றால் ஓர் உண்மை புலப்படும். எல்லையைக் காப்பதும், யார் உள்ளே வரலாம் என விதிப்பதும் ஓர் அரசின் உரிமைகளே. அவ்வுரிமை இங்கு பிறந்த பிள்ளையின்மேற் செலுத்தப்படும்போது அது குடிவரவுக் கட்டுப்பாடு என்னும் தன்மையை இழந்து, பரம்பரைத் தண்டனையாகின்றது. நாடற்ற நிலை சொத்தைப் போலத் தந்தையிடமிருந்து மகனுக்கு இறங்குகின்றது. வேறு நாடில்லாது போகும் குழந்தைக்குப் பிறந்த நாடே உரிமையளித்தல் வேண்டும் என 1961ஆம் ஆண்டின் நாடற்ற நிலையைக் குறைப்பதற்கான சர்வதேச உடன்படிக்கை கூறுவது இதனாலேயே. இலங்கை 1991இல் ஏற்ற சிறுவர் உரிமைச் சமவாயமும் ஒவ்வொரு குழந்தைக்கும் ஒரு தேசியத்தைப் பெறும் உரிமை உண்டென்கின்றது.

1948இல் மறுக்கப்பட்டு 2003இல் வழங்கப்பட்டது ஒரே உரிமைதான். இடையில் அம்மக்கள் வேறாக மாறிவிடவில்லை. அவர்கள் அதே மலைகளில் அதே தொழிலைச் செய்துகொண்டிருந்தனர். பிறப்பு, வதிவு என்னும் எளிய உண்மைகளைச் சட்டம் ஏற்றுக்கொள்ள ஐம்பத்தைந்து ஆண்டுகள் சென்றன. அவ்வாண்டுகளில் பிறந்து, உழைத்து, எந்நாட்டுப் பத்திரமும் கையில் இல்லாமலே இம்மண்ணில் அடக்கமானோருக்கு எச்சட்டமும் இனி உரிமை வழங்குதல் இயலாது. சட்டமியற்றுவோர் குழந்தையிடம் கேட்கத்தக்க வினா அது எங்கே பிறந்தது என்பதாகும். அதன் பாட்டன் எங்கே பிறந்தார் என்பதன்று.