கதாநாயகியே இல்லாத காதல், கோல்டன் ஐ வாங்கிய கதை!

கேமராவுக்குப் பின்னால் நடக்கும் தில்லுமுல்லுகள் என்றால் எனக்குக் கொள்ளைப் பிரியம். அதிலும் இயக்குநர் பாயல் கபாடியா செய்திருக்கும் தில்லுமுல்லு இருக்கிறதே, அடடா!

அவருடைய ‘எ நைட் ஆஃப் நோயிங் நத்திங்’ படத்தின் ஆரம்பத்திலேயே ஒரு தகவல் போடுகிறார்கள். புனே திரைப்படக் கல்லூரி ஹாஸ்டலில் ஒரு பெட்டி கிடைத்ததாம். உள்ளே ‘எல்’ என்ற மாணவி காதலனுக்கு எழுதிய கடிதங்களாம். சாதி குறுக்கே வந்து பிரித்த காதல். பூமிசுதா தாஸ் கிசுகிசுத்த குரலில் வாசிக்க வாசிக்க, அந்தப் பெண்ணைத் தேடிப்போய் இரண்டு வார்த்தை ஆறுதல் சொல்லலாமா என்று இருக்கும். எங்கே போய்த் தேடுவது? அப்படி ஒரு பெண்ணே கிடையாது! கடிதங்களை எழுதியவர்கள் பாயலும் ஹிமான்ஷு பிரஜாபதியும்.

திரையில் ஓடுவதோ பெரும்பாலும் அச்சு அசல் நிஜம். 2015-ல் நடிகர் கஜேந்திர சவுகானைக் கல்லூரித் தலைவராக நியமித்ததை எதிர்த்து மாணவர்கள் 139 நாள் நடத்திய ஸ்டிரைக். பாயலும் அதில் இருந்தவர். அவரும் ஒளிப்பதிவாளர் ரணபீர் தாஸும் கேம்பஸில் நண்பர்களைப் படம்பிடிக்க ஆரம்பித்தார்கள். அப்புறம் மற்ற மாணவர்கள் எடுத்தவை, யார் வீட்டிலோ கிடந்த குடும்பப் படச்சுருள், டெல்லி ஜாமியா பல்கலைக்கழக நூலகத்துக்குள் போலீஸ் புகுந்து அடிக்கும் சிசிடிவி காட்சி என்று வந்து குவிந்துகொண்டே இருந்தது. ஒவ்வொன்றும் ஒவ்வொரு கேமரா, ஒவ்வொரு தரம். எப்படி ஒட்டவைப்பது? பெரும்பகுதியைச் சொரசொரப்பான கறுப்பு வெள்ளைக்கு மாற்றிவிட்டார்கள். எடிட்டிங் மேஜையிலும் ரணபீர்தான். மாணவர்கள் ஆட்டம் போடுகிறார்கள். பாட்டுச் சத்தம் வரவில்லை. மேலே கடிதம் மட்டும் ஓடுகிறது. அவ்வளவுதான், அங்கே ஆடுகிற ஏதோ ஒரு பெண்ணை ‘எல்’ என்று நாமே முடிவுகட்டிவிடுகிறோம்!

2021 கான் விழாவில் இதற்குக் கிடைத்தது என்ன தெரியுமா? சிறந்த ஆவணப்படத்துக்கான கோல்டன் ஐ. இல்லாத கதாநாயகிக்கு!

மூன்றே வருடத்தில், 2024-ல், அவருடைய அடுத்த படம் ‘ஆல் வி இமேஜின் அஸ் லைட்’ கான் போட்டிப் பிரிவுக்குள் நுழைந்தது. 30 வருடங்களாக எந்த இந்தியப் படமும் எட்டிப்பார்க்காத இடம் அது. போனதோடு நிற்காமல் கிராண்ட் பிரி விருதையும் தட்டிவந்தது. இப்போது கபாடியா தன் வித்தையைத் தலைகீழாகப் போட்டுவிட்டார். மலையாள நர்ஸ்கள் பிரபாவும் அனுவும் கற்பனை. படத்தின் தொடக்கத்தில் இருட்டு மும்பைத் தெருக்களின் மேல் பல மொழிகளில் ஒலிக்கிறதே, அந்தக் குரல்கள் பிழைக்க வந்த நிஜ மனிதர்களுடையவை.

மும்பையில் 25 நாள், ரத்னகிரியில் 15 நாள் ஷூட்டிங். மும்பையின் பொது இடங்களில் படமெடுக்க அனுமதி வாங்கினால் பட்ஜெட் காலி. அதனால் கையில் ஒரு குட்டி கேமராவை வைத்துக்கொண்டு, “சும்மா லொகேஷன் பார்க்க வந்தோம்” என்கிற முகத்தோடு நடிகர்களைக் கூட்டத்துக்குள் நடக்கவிட்டு எடுத்திருக்கிறார்கள். கேம்பஸில் பழகிய கை, சும்மா இருக்குமா?