பட்டாளம் தங்கிய ஊர்கள்

தில்லைத் திருக்கோயிலை வலம் வரும் அன்பர்களில் பலர், அதன் நெடிய மதில்கள் ஒரு காலத்தில் கோட்டைச் சுவர்களாகவும் பயன்பட்டன என்பதை அறியார். 18-ஆம் நூற்றாண்டில் பிரெஞ்சுக்காரரும், ஆங்கிலேயரும், ஹைதர் அலியின் படையினரும் மாறி மாறி அங்கே பாளையம் இறங்கினர். 1781 ஜூன் 18 அன்று ஸர் அயர் கூட் என்னும் ஆங்கிலத் தளபதி அக்கோயிலைத் தாக்கி, பலத்த சேதத்துடன் பின்வாங்கினார். இரண்டு வாரங்களுக்குள், ஜூலை 1-ஆம் தேதி, பரங்கிப்பேட்டைப் பெரும் போர் நடந்தது.

கடலூரின் கதையும் இத்தகையதே. 1690-இல் கிழக்கிந்தியக் கம்பெனியார் தேவனாம்பட்டினத்துக் கோட்டையை விலைக்கு வாங்கியபோது, பீரங்கிக் குண்டு போய் விழும் தூரம் வரை உள்ள நிலமெல்லாம் தமக்கு என்று ஒப்பந்தம் செய்துகொண்டனர். அவ்வெல்லைக்குள் அகப்பட்ட ஊர்களுக்குக் குண்டு கிராமங்கள் என்றே பெயராயிற்று. 1758-இல் பிரெஞ்சுத் தளபதி லாலி அவ்விடத்தைக் கைப்பற்றினார். 1760-இல் ஆங்கிலேயர் மீட்டனர். 1782-இல் மீண்டும் பிரெஞ்சுக்காரர் வசமாயிற்று. மறு ஆண்டு கடும் முற்றுகை. 1785-இல் உடன்படிக்கையின்படி மறுபடியும் ஆங்கிலேயரிடம் சேர்ந்தது. இருபத்தேழு ஆண்டுகளில் நான்கு முறை கைமாறிய ஊர் அது.

இவ்வளவும் சரித்திரப் புத்தகங்களில் உண்டு. எத்தனை பீரங்கி, எத்தனை சோல்ஜர், எத்தனை மூட்டை அரிசி என்று தளபதிகள் கணக்கு எழுதினார்கள். ஆனால் நான்கு முறை பட்டாளம் புகுந்த ஊரில் இருந்த தாய்மாரும் பெண்மக்களும் என்ன பாடுபட்டனர்? இக்கேள்விக்கு விடை தேடுவோர்க்கு அக்கணக்குகளில் கிடைப்பது மிகக் குறைவு. சரணடையாமல் எதிர்த்து நின்ற கோட்டையைப் பாய்ந்து பிடித்தால், ஊரைச் சூறையாடுவது வென்ற படையின் உரிமை என்பது அக்காலத்து ஐரோப்பிய யுத்த வழக்கம். அந்தச் சூறையில் பொருள் மட்டும் அடங்கும் என்று நம்பும் பேதை யார்?

உலகம் இதை உணர்ந்து சட்டம் செய்ய நெடுநாள் பிடித்தது. 1907-ஆம் ஆண்டு ஹேக் உடன்படிக்கை, படை பிடித்த நாட்டில் ‘குடும்ப மானம்’ மதிக்கப்பட வேண்டும் என்றது. 1949-ஆம் ஆண்டு ஜெனீவா உடன்படிக்கை பெண்களுக்குப் பாதுகாப்பு வேண்டும் என்று வெளிப்படையாகவே கூறியது. எனினும் அதையும் மானத்தின் மீது நடக்கும் தாக்குதல் என்றே வருணித்தது. 1998-இல் ருவாண்டா நாட்டுக்கான நீதிமன்றமும், 2001-இல் யுகோஸ்லாவியாவுக்கான நீதிமன்றமும் தீர்ப்பளித்த பிறகே, இது பெண்ணின் உடல்மீதும் சுதந்திரத்தின்மீதும் செய்யப்படும் கொடுமை, மனித குலத்துக்கே எதிரான குற்றம் என்பது உறுதிப்பட்டது.

இச்சட்டங்கள் நம்மவர்க்கு எவ்வளவு உதவின? 1995-இன் இறுதியில் இலங்கைப் படை யாழ்ப்பாணத்தைப் பிடித்தது. 1996 செப்டம்பர் 7-ஆம் தேதி, பரீட்சை எழுதிவிட்டு வீடு திரும்பிய பள்ளி மாணவி ஒருத்தியைச் செம்மணி அருகே காவலரணில் சிப்பாய்கள் மறித்துச் சீரழித்துக் கொன்றனர். அவளைத் தேடிச் சென்ற தாயும், தம்பியும், அயலவர் ஒருவரும் உயிருடன் திரும்பவில்லை. 1998-இல் கொழும்பு நீதிமன்றம் குற்றவாளிகளுக்கு மரண தண்டனை விதித்தது. அவர்களுள் ஒருவன், செம்மணியில் நூற்றுக்கணக்கானோர் புதைக்கப்பட்டதாக மன்றத்திலேயே சொன்னான். 1999-இல் அங்கே தோண்டியபோது 15 எலும்புக்கூடுகள் கிடைத்தன. 2025-இல் அவ்வூர் மயானத்தில் நடந்த அகழ்வில் 200-க்கு மேற்பட்டவை வெளிப்பட்டன.

அயலாரைக் குறை கூறுவதோடு நாம் நிறுத்திக்கொள்ளலாகாது. 1987 முதல் 1990 வரை ஈழத்தில் இருந்த பாரதத் துருப்புகள்மீதும் இத்தகைய புகார்கள் எழுந்தன. 1992-இல் சிதம்பரத்தை அடுத்த அண்ணாமலைநகர்க் காவல் நிலையத்தில் ஒருவர் உயிரிழந்தார். அவர் மனைவி காவலர்களாலேயே வன்கொடுமைக்கு ஆளானார். யுத்தமும் இல்லை, அந்நியரும் இல்லை. காக்கி உடை ஒன்றே போதுமாயிருந்தது. 2004-இல் இம்பால் நகரில், துணை ராணுவத்தினர் பிடித்துச் சென்ற பெண்ணொருத்தி பிணமாகக் கிடந்தபோது, மணிப்புரித் தாய்மார் படைமுகாமின் வாயிலில் ஆடை களைந்து நின்று நீதி கேட்டனர். 2013-இல் நமது தண்டனைச் சட்டம் திருத்தப்பட்டு, படையினர் தாம் காவல்புரியும் பகுதியில் இக்குற்றம் இழைத்தால் கடும் தண்டனை என்றாயிற்று. ஆயினும், ஆயுதப்படைச் சிறப்பு அதிகாரச் சட்டத்தின்கீழ் அவர்கள்மீது வழக்குத் தொடர மத்திய சர்க்காரின் அனுமதி வேண்டும் என்ற விதியை நீதிபதி வர்மா குழு இக்குற்றத்தைப் பொறுத்தவரை நீக்கச் சொல்லியும், அது நீக்கப்படவில்லை.

சட்டத்தில் உள்ள பிழை நம் பேச்சிலும் உண்டு. இக்கொடுமையை நாம் நெடுங்காலம் ‘கற்பழிப்பு’ என்று எழுதி வந்தோம். அச்சொல்லின்படி அழிந்தது அவளுடைய கற்பு, இழந்தவள் அவள், தலைகுனிய வேண்டியவளும் அவளே என்றாகிறது. திருடு போன வீட்டுக்காரனை யாரேனும் குற்றவாளி என்பரோ? மானத்தை இழந்தவன் துப்பாக்கி ஏந்தி நின்றவன். அவனை ஏவியவனும், கண்டும் காணாதிருந்த அதிகாரியும் அவனோடு சேர்ந்தவர்கள். இதை நாம் ஒப்புக்கொள்ளாதவரை, பாதிக்கப்பட்டவள் வாய் திறக்கமாட்டாள். அவள் வாய் திறவாதவரை எந்த நீதிமன்றமும் பயன்படாது. அண்ணாமலைநகர் விஷயத்தில் அந்த ஏழைப்பெண் துணிந்து பேசினார். மாதர் சங்கத்தார் அவர் பக்கம் நின்றனர். அதனால்தான் நாடு அதை அறிந்தது.

கடலூர் மாவட்டத்திலும் ஈழத்திலிருந்து வந்த அகதிகளின் முகாம்கள் உள்ளன. அங்குள்ள தாய்மார் சிலர் தாம் கண்டதையும் பட்டதையும் இன்னும் யாரிடமும் சொல்லாதிருக்கலாம். அவர்களைத் துருவிக் கேட்பது நமது வேலையன்று. ஆனால் என்றேனும் ஒருத்தி பேசத் தொடங்கினால், “இதையெல்லாம் வெளியில் சொல்லலாமா, அம்மா?” என்று அவளை அடக்காமல் இருப்பது நம் ஒவ்வொரு வீட்டாரின் கடமை. பீரங்கிக் கணக்கு எழுதிய சரித்திரத்தில் அவர்கள் கணக்கும் இனியேனும் ஏறட்டும்.