கிறுக்கல் எழுத்தால் கிடைத்த கதாநாயகி வாய்ப்பு! டி.வி. குடும்ப சீரியலுக்கு பிள்ளையார் சுழி போட்ட அமெரிக்க பெண்

1929-ம் ஆண்டு. நியூயார்க்கில் உள்ள என்.பி.சி. ரேடியோ நிறுவனத்துக்கு ஒரு குடும்பத்தலைவி கத்தைப் பேப்பருடன் வந்தார். நாடகம் எழுதியிருக்கேன், படிச்சுப் பாருங்க என்று அதிகாரியிடம் நீட்டினார். வீட்டில் டைப்ரைட்டர் இருந்தும் எல்லாமே கையால் எழுதியது. அதிகாரிக்கு ஒண்ணும் புரியவில்லை. அப்போ நானே படிக்கிறேன் என்று வாசித்துக் காட்டினார் அந்தப் பெண்.

அவ்வளவுதான்! நாடகமும் ஓ.கே., கதாநாயகியும் அவரே. (வேணும்னே கிறுக்கினாரோ என்னவோ... கில்லாடி!)

அவர் பெயர் கெர்ட்ரூட் பெர்க். 1899-ல் நியூயார்க்கில் பிறந்த யூதப் பெண். அப்பா கேட்ஸ்கில் மலைப்பகுதியில் நடத்திய விடுதிக்கு வரும் விருந்தினர்களுக்காக சின்னப் பெண்ணாக இருந்தபோதே நாடகம் போட்டுப் பழகியவர்.

ஜன்னல் மாமி மோலி

1929 நவம்பர் 20-ந்தேதி அந்த ரேடியோ நாடகம் தொடங்கியது. பின்னாளில் 'தி கோல்ட்பெர்க்ஸ்' என்று பெயர் பெற்றது. பிழைக்க வந்த யூதக் குடும்பம், புருஷன் ஜேக், 2 பிள்ளைகள், ஒரு மாமா. நடுவில் ஊர்க்கதை, சமையல், புத்திமதி என்று எல்லாவற்றிலும் மூக்கை நுழைக்கும் மோலி. ஜன்னலில் நின்று பக்கத்து வீட்டுக்காரியை 'யூ-ஹூ' என்று கூப்பிடுவதுதான் மோலியின் டிரேட்மார்க்.

நடிப்பு மட்டுமல்ல, எழுதியதும் அவர்தான். 5 ஆயிரத்துக்கும் மேற்பட்ட எபிசோடுகள்! முட்டை பொரிக்கும் காட்சி என்றால் ஸ்டுடியோவில் நிஜமாகவே முட்டையை உடைத்து ஊற்றச் சொல்வாராம். வெறும் சிரிப்பு நாடகமும் இல்லை. ஜெர்மனியில் யூதர்கள் தாக்கப்பட்ட சமயத்தில், 1939-ல், பண்டிகை விருந்து நடக்கும்போது மோலி வீட்டு ஜன்னல் மீது கல் வந்து விழுவதாக ஒரு எபிசோட் எழுதினார்.

1949 ஜனவரியில் நாடகம் சி.பி.எஸ். டி.வி.க்குப் போனது. அமெரிக்க டி.வி.யின் முதல் குடும்ப காமெடி தொடர்களில் இதுவும் ஒன்று. 1951 ஜனவரியில் சிறந்த நடிகைக்கான முதல் எம்மி விருது பெர்க்குக்கே கிடைத்தது.

காபி கம்பெனி போட்ட பூட்டு

அங்கேதான் இடி விழுந்தது. 'ரெட் சேனல்ஸ்' என்ற புத்தகம் 1950 ஜூனில் வெளியானது. கம்யூனிஸ்ட் தொடர்பு உள்ளவர்கள் என்று கலைஞர்கள், பத்திரிகையாளர்கள் 151 பேர் பெயரை அச்சடித்திருந்தார்கள். கோர்ட் இல்லை, விசாரணை இல்லை. ஜேக் வேடத்தில் நடித்த பிலிப் லோப் பெயரும் அதில் இருந்தது. நான் கம்யூனிஸ்ட் இல்லை என்றார் லோப். யார் கேட்டது?

அந்தக் காலத்தில் டி.வி. நிகழ்ச்சியின் குடுமி ஸ்பான்சர் கையில். இந்த தொடரின் ஸ்பான்சர் சங்கா காபி விற்ற ஜெனரல் ஃபுட்ஸ் கம்பெனி. மோலியே ஜன்னலில் நின்று ரசிகர்களிடம் அந்தக் காபியை விற்பார். லோபை நீக்கணும் என்று நெருக்கடி வந்தபோது பெர்க் முடியாது என்றார். 1951-ல் கம்பெனி கழன்றுகொண்டது. எம்மி வாங்கி அரை வருஷம்கூட ஆகவில்லை, தொடர் நின்றுபோனது.

லோப் இருக்கும்வரை வேறு ஸ்பான்சரும் வரத் தயாரில்லை. மற்ற நடிகர்கள், ஊழியர்கள் பிழைப்பும் போச்சு. கடைசியில் பண ஒப்பந்தத்துடன் லோப் விலகினார். 1952-ல் என்.பி.சி.யில் தொடர் திரும்ப வந்தபோது ஜேக்காக வேறொருவர். எழுதியது, நடத்தியது எல்லாம் தானே என்றிருந்த பெர்க்கால் தன் 'புருஷனை' காப்பாற்ற முடியவில்லை. வேலை கிடைக்காமல் தவித்த லோப் 1955 செப்டம்பரில் நியூயார்க் ஓட்டல் அறையில் தற்கொலை செய்துகொண்டார்.

தொடர் 1956-ல் முடிந்தது. பெர்க் மேடைக்குப் போய் 1959-ல் டோனி விருது வாங்கினார். 1966-ல் இறந்தார். அவரைப் பற்றி அவீவா கெம்ப்னர் எடுத்த டாகுமெண்டரி 2009-ல் வந்தது. படத்தின் பெயர், 'யூ-ஹூ, மிசஸ் கோல்ட்பெர்க்'. இந்தமுறை கூப்பிடப்பட்டது மோலி!