அச்சாரம் கொடுத்த பணம் திரும்பி வர

பெங்களூரில் 2007 ஜூலையில் ஒருவர் 55.5 லட்சம் ரூபாய்க்கு ஒரு சொத்தை விலை பேசி, 20 லட்சம் முன்பணம் கொடுத்தார். குறித்த கெடுவுக்குள் கிரயம் முடியவில்லை. வழக்கு உச்ச நீதிமன்றம் வரை போய் 2025 மே 2 அன்று முடிந்தது. அந்த 20 லட்சம் அவருக்குக் கிடைக்கவில்லை. வாங்குபவர் தவறினால் முன்பணத்தை இழக்க வேண்டும் என்ற நிபந்தனையில் அவர் கையெழுத்திட்டிருந்தார். அதோடு, கிரயம் எழுதித் தரச் சொல்லி வழக்குப் போட்டவர், அது முடியாவிட்டால் பணத்தையாவது திருப்பித் தரவேண்டும் என்று மனுவில் கேட்கவே இல்லை. குறித்தவகைத் தீர்வழிச் சட்டத்தின் 22ஆம் பிரிவு, வழக்கின் எந்தக் கட்டத்திலும் மனுவைத் திருத்தி அப்படிக் கேட்க இடம் தருகிறது. கேட்காததை நீதிமன்றம் தராது என்பதும் அதே பிரிவில்தான் இருக்கிறது.

குமரி மாவட்டத்தில் சென்ட் கணக்கில் நிலம் பேசும் ஒவ்வொருவரும் இதை அறிந்திருக்க வேண்டும். இங்கே பேரம் முறிவதற்குப் பணமுடை மட்டும் காரணமில்லை. 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சியோடு இருந்த மண் இது. மலையாள எழுத்தில், கொல்லம் ஆண்டு போட்டு எழுதிய பழைய ஆதாரங்கள் இன்னும் பல வீட்டு அலமாரிகளில் இருக்கின்றன. அவற்றைப் படித்துச் சொல்ல ஆள் தேடிக் கண்டுபிடிப்பதற்குள் அச்சாரம் கைமாறிவிடுகிறது. பாகம் பிரிக்கவில்லை, கட்டிக்கொடுத்த அக்காளுக்கும் பங்கு உண்டு, வளைகுடாவில் இருக்கும் தம்பி கையெழுத்துப் போடவில்லை என்பதெல்லாம் அதற்குப் பிறகுதான் வெளியே வருகிறது.

இப்படி விற்பவர் பக்கம் குறை இருந்தால் வாங்குபவர் தயங்க வேண்டியதில்லை. முன்பணம் முழுவதையும் வட்டியோடு கேட்கலாம். சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 55ஆம் பிரிவு இன்னொரு பாதுகாப்பும் தருகிறது: கொடுத்த பணத்துக்கு அந்தச் சொத்தின் மீதே பொறுப்பு உண்டு. “கையில் காசில்லை” என்று விற்பவர் கைவிரித்தாலும் நிலத்திலிருந்து அதை வசூலிக்க வழியிருக்கிறது. வழக்கு மனுவில் இந்தப் பொறுப்பையும் சேர்த்துக் கேட்கும்படி வக்கீலிடம் சொல்லுங்கள்.

வாங்குபவரே தவறினால் நிலைமை வேறு. பேரத்தை உறுதிப்படுத்தக் கொடுத்த அச்சாரத்தை விற்பவர் எடுத்துக்கொள்ளலாம். விலையின் ஒரு பகுதியாகக் கொடுத்ததை அப்படியே விழுங்க முடியாது. டெல்லி பங்களா ஒன்றைப் பற்றிய பத்தே சந்த் வழக்கில் விலை 1,12,500 ரூபாய். முதலில் 1,000, பிறகு 24,000 கொடுத்திருந்தார்கள். விற்றவர் 25,000 ரூபாயையும் வைத்துக்கொள்ளப் பார்த்தார். 1,000 ரூபாயை மட்டும் வைத்துக்கொள்ளலாம் என்று 1963இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் 2012இல் வந்த ஒரு வழக்கில், 70 லட்சம் விலைக்கு அச்சாரமாகக் கொடுத்த 7 லட்சம் முழுவதும் போனது சரியே என்று அதே நீதிமன்றம் தீர்த்தது. ஆகவே எழுத்தர் வழக்கமாகச் சேர்க்கும் “முன்பணத்தை இழந்துவிட வேண்டியது” என்ற வரியைப் படிக்காமல் கையெழுத்திடாதீர்கள். அச்சாரம் இவ்வளவு, விலையில் கழியும் தொகை இவ்வளவு என்று பிரித்து எழுதச் சொல்லுங்கள். விற்பவர் தவறினால் எத்தனை நாளில், என்ன வட்டியோடு திருப்புவார் என்பதும் அதிலேயே இருக்கட்டும்.

தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் முதல் கிரய ஒப்பந்தத்தைப் பதிவுசெய்வது கட்டாயம். பதியாமல் விட்டவர்களுக்கும் வழி அடைந்துவிடவில்லை. கிரயம் எழுதித் தரக் கோரும் வழக்கில் பதியாத ஒப்பந்தத்தையும் சாட்சியமாக ஏற்கலாம் என்று, நம் மாநிலத்து வழக்கான ஹேமலதா – கஸ்தூரி வழக்கில் 2023 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. இருந்தாலும் பதிவதே நல்லது. பதிந்த ஒப்பந்தம் வில்லங்கச் சான்றில் தெரியும்; விற்பவர் அதே நிலத்தை வேறொருவருக்குக் காட்டிப் பணம் வாங்குவது கடினமாகும்.

இருவரும் மனமொத்துப் பிரிந்தால் ரத்து ஆவணம் எழுதிப் பதியலாம். பலர் ஏமாறுவது இந்த இடத்தில்தான். “நீங்க முதல்ல ரத்து பண்ணிக் குடுங்க, செக் நாளைக்குத் தாறேன்” என்பார்கள். ரத்தானதும் வில்லங்கம் நீங்கி நிலம் வேறொருவருக்குப் போய்விடும். கணக்கில் பணம் ஏறிய பிறகோ, டிமாண்ட் டிராஃப்டைக் கையில் வாங்கிய பிறகோ மட்டும் சார்பதிவாளர் முன் கையெழுத்திடுங்கள். காசோலை வாங்கி அது திரும்பினால், வங்கி தகவல் தந்த 30 நாளுக்குள் நோட்டீஸ் அனுப்ப வேண்டும்.

அச்சாரத்தை ரொக்கமாகக் கொடுப்பது இன்னொரு கண்ணி. நிலத்துக்கான முன்பணத்தை 20,000 ரூபாயோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்க வருமான வரிச் சட்டத்தில் தடை உண்டு. 2 லட்சமும் அதற்கு மேலும் ரொக்கமாகக் கொடுத்ததாகச் சொல்லி வழக்கு வந்தால், நீதிமன்றம் அதை வருமான வரித் துறைக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 2025 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது.

காவல் நிலையத்துக்கு ஓடுவதால் மட்டும் பணம் வந்துவிடாது. பேச்சு மாறுவதெல்லாம் மோசடி ஆகாது. ஆரம்பத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்திருக்க வேண்டும். ஒரே நிலத்தைப் பலருக்குப் பேசியது, போலி ஆதாரம் காட்டியது போன்றவற்றுக்குச் சான்று இருந்தால் புகார் கொடுங்கள். மற்றபடி வக்கீல் நோட்டீஸ், பிறகு உரிமையியல் வழக்கு. பண வழக்குக்கு நீதிமன்றக் கட்டணம் 2017இல் 7.5 சதவீதத்திலிருந்து 3 சதவீதமாகக் குறைந்தது. வழக்குப் போடும் முன்பே நாகர்கோவிலில் உள்ள மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவிடம் மனு கொடுத்து, மக்கள் நீதிமன்றத்தில் சமரசம் பேசலாம். கட்டணமில்லை, அங்கே ஆகும் முடிவு நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம். பெண்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடி மக்களுக்கும் வருமான வரம்பின்றி இலவச வக்கீல் உண்டு. உதவி எண் 15100.

காலக்கெடு பொதுவாக மூன்று ஆண்டு. ஒப்பந்தத்தில் நாள் குறித்திருந்தால் கிரயம் கேட்கும் வழக்குக்கு அன்றிலிருந்தும், இல்லையென்றால் எழுதித் தர மறுத்தது தெரிந்த நாளிலிருந்தும் எண்ணுவார்கள். சொத்தின் மீதான பொறுப்பைச் செயல்படுத்த 12 ஆண்டு உண்டென்றாலும் அதை நம்பி உட்கார வேண்டாம். “அடுத்த ஓணம் கழியட்டும், பையன் சவுதியிலிருந்து வரட்டும்” என்ற வாய்ப்பேச்சில் அந்த மூன்று ஆண்டு ஓடிவிடும். உங்கள் ஒப்பந்தப் பத்திரத்தை இன்றே எடுத்து, அதில் குறித்திருக்கும் தேதியைப் பாருங்கள். கெடு நெருங்கியிருந்தால் இந்த வாரமே ஒரு வக்கீலைப் பாருங்கள்.